ராபர்ட் பிளாகர்ட்டியும் ஆவணப்படமும்

கண்ணாற் காண்பதும் பொய், காதாற் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்பது நம் நாட்டில் வழங்கும் பழமொழி. காதாற் கேட்பது பொய்யாதல் யாவரும் அறிந்ததே. கண்ணாற் காண்பதும் பொய்யாதல் எங்ஙனம் என்று யாம் நெடுநாள் ஐயுற்றதுண்டு. அவ்வையத்தை ஒருவாறு தெளிவித்தது, ராபர்ட் பிளாகர்ட்டி என்னும் அமெரிக்கரின் வரலாறு ஆகும். பனிப்பாலையிலும் கடற்றீவுகளிலும் வாழும் எளிய மக்களைத் தேடிச்சென்று, அவர்தம் வாழ்க்கையைப் படமாக்கி உலகுக்கு அளித்தவர் அவர். ஆவணப்படத்தின் தந்தை என்று அவரைப் பலர் போற்றுவர். எனினும் அவர் படங்களில் நாம் காணும் நிகழ்ச்சிகள் பல, காட்டியவாறே உலகில் நிகழ்ந்தன அல்ல. இவ்விரு நிலைகளும் ஒருவர்பால் எவ்வாறு பொருந்தின என்பதை இயன்றவரை விளக்குதலே இக்கட்டுரையின் நோக்கம்.

முதற்கண் ஆவணம் என்னும் சொல்லை நோக்குவோம். ஆவணமாவது உரிமையை நாட்டும் ஓலை. சுந்தரரைத் தம் அடிமை என வழக்கிட்டு வந்த முதியவர், அவையின்முன் ஓலை காட்டிய கதையைப் பெரியபுராணம் கற்றார் அறிவர். அங்கு அவையத்தார் ஓலையைக் கண்ட அளவில் அதனை மெய்யெனக் கொண்டாரல்லர். கையெழுத்தை வேறோர் ஓலையுடன் ஒப்புநோக்கிய பின்னரே தீர்ப்புரைத்தனர். ஆகவே ஆவணம் என்பது தானே மெய்யாகி நிற்பதன்று. மெய்யெனக் கொள்ளுமுன் ஆராய்தற்குரியது. ஆவணப்படம் என்ற பெயரைக் கேட்குந்தோறும் இதனை நினைவிற் கொள்ளல் நலம்.

பிளாகர்ட்டி 1884ஆம் ஆண்டு பெப்ருவரி 16ஆம் நாள், அமெரிக்க நாட்டு மிச்சிகன் மாநிலத்தில் அயர்ன் மௌண்டன் என்னும் ஊரிற் பிறந்தார். இரும்புமலை எனப் பொருள்படும் அவ்வூர், பெயருக்கேற்பச் சுரங்கத் தொழிலால் வளர்ந்தது. தந்தையாரும் சுரங்கத் தொழிலினர். ஆதலின் பிள்ளைப் பருவத்திலேயே தந்தையாருடன் கனடா நாட்டுக் காடுகளிலும் ஏரிக்கரைகளிலும் திரியும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. சுரங்கக் கல்லூரியிற் சேர்க்கப்பெற்றும் அங்கு அவர் நெடுநாள் நிலைக்கவில்லை. எனினும் அக்காலத்திற் கிடைத்த நட்பொன்று வாழ்நாள் முழுதும் நிலைத்தது. 1914இல் அவர் மணந்த பிரான்சிஸ் அம்மையார் வாழ்க்கைத் துணையாக மட்டுமன்றித் தொழிலிலும் துணையாக விளங்கினார். புகைப்படம் எடுத்தலில் அவரும் வல்லவர்.

1910ஆம் ஆண்டில் சர் வில்லியம் மெக்கன்சி என்னும் இருப்புப்பாதைத் தலைவர், அட்சன் விரிகுடாப் பகுதியில் இரும்புக்கனி உண்டோ என்று ஆராய்ந்து வருமாறு பிளாகர்ட்டியை அனுப்பினார். அப்பயணங்களில் அவர் பெல்ச்சர் தீவுகளை ஆராய்ந்து வரைபடம் அமைத்தார். அவற்றுட் பெரியது இன்றும் பிளாகர்ட்டித் தீவு என்றே வழங்குகிறது. 1913இல் மீண்டும் புறப்பட்டபோது, போகின்ற வழியில் மக்களையும் விலங்குகளையும் படம் பிடித்து வருமாறு மெக்கன்சி கூறினார். அதன் பொருட்டு ராச்செஸ்டர் நகரில் மூன்று வாரம் பயின்றதே பிளாகர்ட்டி பெற்ற திரைப்படக் கல்வி.

எடுத்த படங்களைத் தொகுத்துக்கொண்டு 1916இல் அவர் டொராண்டோ நகரில் இருந்தபோது, அவர் கையிலிருந்த சிகரெட்டு நழுவிப் படச்சுருளின்மேல் வீழ்ந்தது. அந்நாளையப் படச்சுருள் வெடிமருந்தைப்போல் எரியும் இயல்பினது. நொடிப்பொழுதில் 30,000 அடி மூலச்சுருள் சாம்பலாயிற்று, அவரும் தீப்புண்பட்டார். சுந்தரர் கதையிற் படியோலை கிழிபட மூலவோலை எஞ்சியது. இங்கோ மூலம் எரியப் படி ஒன்று எஞ்சியது. அப்படியைத் திரும்பத் திரும்பக் கண்ட பிளாகர்ட்டிக்கு மனநிறைவு பிறக்கவில்லை. இங்கொரு காட்சியும் அங்கொரு காட்சியுமாய்ச் சிதறிக் கிடந்த அதனுள் மனிதனைக் காணோம் என்று உணர்ந்தார். ஒரு குடும்பத்தையே தொடர்ந்து காட்டினால் அம்மக்களின் வாழ்வு விளங்கும் என்ற எண்ணம் அவ்விழப்பின் பயனாகவே அவருக்குத் தோன்றியது.

நான்காண்டுகள் கழிந்தபின், ரெவியோன் பிரேர் என்னும் பிரெஞ்சு மென்மயிர் வணிகக் குழுவினர் பொருளுதவி செய்ய முன்வந்தனர். 1920 ஆகஸ்டு மாதத்தில் பிளாகர்ட்டி, அட்சன் விரிகுடாவின் கீழ்க்கரையில் உள்ள இனுக்ஜுவாக் என்னும் இடத்தை அடைந்தார். போர்ட் ஹாரிசன் என்பது அவ்வூருக்கு வெள்ளையர் இட்டிருந்த பெயர். அங்கு வாழ்வோரை முன்னாளில் எஸ்கிமோவர் என்றனர். தம்மை அவர்கள் இன்யூட் என்றே கூறிக்கொள்வர். ஓராண்டுக்காலம் அவர்களிடையே தங்கி அவர் உழைத்த உழைப்பு வியத்தற்குரியது. கடுங்குளிரில் எண்ணெய் உறைந்துவிடுமாதலின், எண்ணெய்க்கு மாறாகக் கிராபைட்டுப் பொடியால் இயங்கும் ஏக்லி காமிராக்கள் இரண்டைக் கொண்டுசென்றார். எடுத்த படத்தை அங்கேயே கழுவி அங்கேயே அச்சிட்டார். கழுவுதற்கு வேண்டிய நீரைப் பெற, ஆற்றின்மேல் ஆள் உயரத்துக்கு உறைந்து கிடந்த பனிக்கட்டியைப் பிளந்து துளையிட்டனர். உடன்வந்தோர் அணிந்த மான்தோலாடையின் மயிர் அந்நீரில் உதிர, அதனையும் வடித்தெடுக்க வேண்டியிருந்தது. அச்சிடுதற்குரிய மின்விளக்கு சீராக எரியாமையால், குடிசைச் சுவரில் ஒரு படத்துண்டின் அளவே துளைவிட்டு, அவ்வழியே புகும் பகலொளியை மெல்லிய துணியால் மட்டுப்படுத்தி அச்சிட்டார்.

அச்சிட்ட படத்தை முதலில் அம்மக்களுக்கே காட்டினார். வால்ரஸ் என்னும் கடல் விலங்கைத் தம்மவர் கயிறிட்டு இழுக்கும் காட்சி திரையில் தோன்றியபோது, பார்த்திருந்தோர் அதனை நழுவவிடாதீர் என்று கூவி எழுந்தனராம். தம் உருவை முதன்முறை திரையிற் கண்டபின்னர் அவர்கள் வெறும் காட்சிப்பொருளாக நிற்கவில்லை; எதனைப் படமாக்கலாம் என்று தாமே கூறவும், நீர் சுமக்கவும், பழுதுற்ற படப்பெட்டியைச் செப்பனிடவும் துணைநின்றனர். ஆகவே அப்படம் பிளாகர்ட்டி ஒருவரின் ஆக்கம் அன்று. அவ்வூராரின் ஆக்கமும் ஆகும்.

வடதிசை நானூக் எனப் பொருள்படும் பெயருடன் அப்படம் 1922ஆம் ஆண்டு ஜூன் 11ஆம் நாள் நியூயார்க்கு நகரத்துக் கேபிட்டல் அரங்கில் வெளியாயிற்று. பாரமவுண்ட் குழுவினர் ஏற்க மறுத்த அதனைப் பாத்தே குழுவினர் ஏற்று வெளியிட்டனர். ஏறத்தாழ 53,000 டாலர் செலவில் உருவான அப்படம் பல நாடுகளிலும் பெரும்புகழ் பெற்றது. அமெரிக்க நாட்டினர் பாதுகாத்தற்குரிய படங்களென 1989இல் முதன்முதல் தேர்ந்த இருபத்தைந்தனுள் அதுவும் ஒன்று.

இனி அப்படத்தின் மறுபுறத்தை நோக்குவோம். நானூக் என்பது கரடியைக் குறிக்கும் சொல். அப்பெயரால் திரையில் வேட்டையாடுபவரின் உண்மைப்பெயர் அல்லாகரியல்லாக். அவருடைய மனைவி நைலா எனக் காட்டப்படும் பெண் அவர் மனைவி அல்லர். அந்நாளில் அம்மக்கள் துப்பாக்கியை நன்கு அறிந்திருந்தும், படத்தில் ஈட்டியே ஏந்துகின்றனர். வணிகர் மனையிற் கிராமபோன் தட்டை முன்பின் கண்டறியாதார்போல் நானூக் கடித்துப் பார்க்கும் நகைச்சுவையும் கற்பித்துச் செய்ததே. பனிக்கட்டியால் ஆகிய இக்ளூ வீடு காமிராவுக்கு இடம் போதாததாகவும் இருள் மிக்கதாகவும் இருந்தது. பெரிதாகக் கட்டியவை இடிந்து வீழ்ந்தமையால், இறுதியில் ஒரு புறம் வெட்டித் திறந்த அரை வீட்டில் படப்பிடிப்பு நடைபெற்றது. அக்குடும்பத்தார் துயில் எழும் காட்சி, உண்மையில் மேற்கூரையற்ற வெளியில் குளிரில் நடுங்கியவாறு நடித்ததாகும்.

இதனைக் கேட்ட அளவில் அனைத்தும் பொய் என்று தள்ளிவிடுதல் எளிது. யாமும் முதலில் அவ்வாறே எண்ணினோம். ஆயின் இவ்வாண்டு எம் வகுப்பு மாணவர் கூடிப் படம் எடுத்துக்கொண்ட நாளில் நிகழ்ந்ததொன்று எம்மைச் சிந்திக்கச் செய்தது. படம் பிடிப்பவர் நெட்டையரைப் பின்னும் குட்டையரை முன்னும் நிறுத்தினார். மேற்சட்டை இல்லாத நண்பர் இருவர் இரவல் சட்டை அணிந்தனர். முன்வரிசையினர் கையில் தடித்த நூல்கள் தரப்பட்டன. அவற்றுள் ஒன்றையேனும் யாம் முற்றக் கற்றதில்லை. அப்படம் பொய்யோ? யாம் அனைவரும் அந்நாளில் அம்மரத்தடியில் ஒருங்கு நின்றது மெய். நூலும் சட்டையும் எமக்குரியன என்று படத்தின்கீழ் எழுதினால் மட்டுமே அது பொய்யாகும். அமைத்தலாற் குற்றம் வருவதில்லை. அமைத்ததை இயல்பென உரைத்தலாலேயே குற்றம் வருகிறது.

இவ்வேறுபாட்டைத் தமிழிலக்கணம் நன்கு அறியும். அகப்பாடல்கள் நாடக வழக்கும் உலகியல் வழக்கும் கலந்த புலனெறி வழக்கில் அமைவன என்பது தொல்காப்பியர் கொள்கை. உலகில் உள்ளதைக் கொண்டு, அதனைச் சுவைபடத் தொகுத்து, நிகழ்ந்தது போலப் புலவன் பாடுகிறான். அதனால் அவனைப் பொய்யன் என்பார் இலர். ஏனெனில் அவ்வுரிமைக்கு ஈடாக ஒரு கட்டுப்பாட்டை அவன் ஏற்கிறான்: அகத்திணையில் தலைவன் தலைவியரின் இயற்பெயர் சுட்டப்பெறுவதில்லை. பெயர் சுட்டினால் பாட்டு புறமாகிவிடும். நெடுநல்வாடையில் வேலின்கண் கட்டிய வேப்பந்தார் பாண்டியனைச் சுட்டிவிட்டமையால் அதனைப் புறம் எனக் கொண்ட உரையாசிரியரும் உளர். ஓர் அடையாளப் பூவே பாட்டின் வகையை மாற்றவல்லதாயின், பெயரும் ஊரும் முகமும் எத்துணை வலிய சான்று!

பிளாகர்ட்டி செய்த பிழை இவ்விடத்தே விளங்கும். அகப்பாடல்போல் அமைத்ததைப் புறப்பாடல்போல் அவர் பெயரும் ஊரும் சுட்டி வெளியிட்டார். பனியையும் பசியையும் வென்று மக்களைக் காக்கும் தந்தை ஒருவன் என்ற அளவில் அப்படம் மெய். அம்மக்களின் முன்னோர் அங்ஙனமே வாழ்ந்தனர். இவர்தாம் நானூக், இவள்தான் இவர் மனைவி, இன்று இவர்கள் இவ்வாறு வேட்டையாடுகின்றனர் என்ற அளவில் அது மெய்யன்று. வெள்ளையர் வரவாற் சிதைந்த நிலையைக் காட்டுதலினும், சிதைவதற்கு முன்னிருந்த பெருமையை அழியுமுன் காட்டுதலே தம் கருத்து என்று பிளாகர்ட்டி கூறியுள்ளார். கருத்து நன்று. அதனைப் படத்தைக் காண்போருக்கும் வெளிப்பட உரைத்திருந்தால் குற்றம் ஏதும் இல்லை.

இந்நிலை அவருடைய பிற படங்களிலும் தொடர்ந்தது. பாரமவுண்ட் குழுவினர் இம்முறை தாமே அழைத்து அனுப்ப, அவர் சமோவா நாட்டின் சவாயி தீவுக்குக் குடும்பத்துடன் சென்று மோவானா என்னும் படத்தை எடுத்தார். எல்லா நிறங்களையும் உணரவல்ல பாங்குரோமாட்டிக் சுருளை அதிற் பயன்படுத்தியமையால், மக்களின் மேனியழகு முன்னெப்படத்தினும் இயல்பாக விளங்கிற்று. அங்கும் வழக்கு வீழ்ந்த ஆடையையே உடுத்தச் செய்தார். 1926இல் அப்படத்தை மதிப்பிட்ட ஜான் கிரியர்சன் என்னும் அறிஞர், ஆவணம்போன்ற மதிப்பு அதற்கு உண்டு என எழுதினார். ஆவணப்படம் என்ற பெயர் பரவுதற்கு அவ்வுரையே வித்தாயிற்று. பழமையைப் புதுக்கிக் காட்டிய படத்தினின்று இப்பெயர் பிறந்தது எண்ணத்தக்கது.

அயர்லாந்தை அடுத்த ஆரன் தீவுகளில் எடுத்த ஆரன் மனிதன் 1934இல் வெளியாயிற்று. மண்ணற்ற பாறையின்மேற் கடற்பாசியையும் மணலையும் சுமந்து கொட்டி நிலமாக்கி அத்தீவினர் பயிரிடும் காட்சி முற்றும் மெய். பெருஞ்சுறாவை எறியுளியால் வேட்டையாடும் காட்சியோ, பல்லாண்டுகளுக்கு முன்னரே மறைந்த தொழிலை மீண்டும் கற்பித்து எடுத்தது. தந்தை தாய் மகன் எனக் காட்டப்படுவோர் ஒரு குடும்பத்தினர் அல்லர். கொந்தளிக்கும் கடலிற் சிறு படகைச் செலுத்திய மீனவர் உயிரையே பணயம் வைத்தனர். அவர்களை அங்ஙனம் ஏவியதைப் பிற்காலத்தில் நினைந்து பிளாகர்ட்டி தம்மையே கடிந்துகொண்டார்.

அவர் நம் தென்னாட்டுக்கும் வந்ததுண்டு. யானைகளின் தூமாய் என்னும் கிப்ளிங் கதையைப் படமாக்கும் பொருட்டு, அலெக்சாண்டர் கோர்டா என்னும் படமுதலாளி 1935இல் அவரை மைசூருக்கு அனுப்பினார். மன்னரின் யானைக் கொட்டிலில் வளர்ந்த பாகன் மகன் சாபு என்னும் சிறுவன் அப்படத்தின் தலைமகனாகத் தேர்ந்தெடுக்கப்பெற்றான். மைசூர்க் காடுகளிற் பிளாகர்ட்டி எடுத்த காட்சிகளுடன், இங்கிலாந்து நாட்டுப் படக்கூடத்தில் சோல்டான் கோர்டா எடுத்த காட்சிகளும் இணைக்கப்பெற்று, யானைச் சிறுவன் என்ற பெயரில் 1937இல் அது வெளிவந்தது. வெனிஸ் நகர விழாவில் சிறந்த இயக்கத்திற்குரிய பரிசும் பெற்றது. தாயுந் தந்தையும் அற்ற அச்சிறுவன் பின்னர் ஆலிவுட்டில் புகழ்பெற்ற நடிகனாகி, 1963இல் முப்பத்தொன்பதாம் அகவையில் மறைந்தான்.

பின்னர் பிளாகர்ட்டி தம் தாயகம் திரும்பி, அமெரிக்க அரசின் வேளாண்மைத் துறைக்காக நிலம் என்னும் படத்தை எடுத்தார். மண் அரிப்பாலும் பொறிகளின் வரவாலும் நிலமிழந்து அலையும் உழவரைக் கண்ட அவர், இம்முறை பழமையைத் தேடாது கண்முன் நின்ற துயரையே காட்டினார். தம் குரலாலேயே விளக்கவுரையும் கூறினார். அப்படம் 1942இல் முடிந்தது. எண்ணெய் எடுக்கும் பெருங்குழு ஒன்றின் பொருளுதவியால் உருவான லூசியானாக் கதை 1948இல் வெளிவந்தது. சதுப்புநிலச் சிறுவன் ஒருவனுக்கும் எண்ணெய்க் கிணறு தோண்டுவோருக்கும் உண்டாகும் நட்பே அதன் பொருள். 1951ஆம் ஆண்டு ஜூலை 23ஆம் நாள் வெர்மாண்ட் மாநிலத்தில் பிளாகர்ட்டி உயிர் நீத்தார்.

வரலாறு இவ்வளவில் முடிந்திருப்பின் எம் மனம் அமைதியுற்றிருக்கும். படம் முடிந்து பிளாகர்ட்டி இனுக்ஜுவாக்கை விட்டு நீங்கியபின், அங்கு அவருக்கு ஒரு மகன் பிறந்தான். தாய், நைலாவாக நடித்த பெண்ணே. ஜோசபி என்னும் அம்மகனைப் பிளாகர்ட்டி தம் வாழ்நாளிற் கண்டதும் இல்லை, தம் மகன் என ஏற்றதும் இல்லை. நானூக்காக நடித்த அல்லாகரியல்லாக்கும் படம் வெளிவந்து ஈராண்டு கழியுமுன் இறந்தார். வேட்டைக்குச் சென்றவிடத்துப் பசியால் மடிந்தார் என்று பிளாகர்ட்டி கூறினார். காசநோயால் தம் இடத்திலேயே இறந்திருத்தல் கூடும் என்பர் பின்வந்த ஆராய்ச்சியாளர்.

1953, 1955ஆம் ஆண்டுகளிற் கனடா அரசினர், இனுக்ஜுவாக்கினின்று பல குடும்பங்களை ஏறத்தாழ 2,000 கிலோமீட்டர் வடக்கே, மாதக்கணக்காகக் கதிரவனைக் காணவியலாத நிலத்திற் குடியேற்றினர். நல்ல வேட்டை உண்டு என்றும், விரும்பின் மீளலாம் என்றும் அவர்களுக்குச் சொல்லப்பட்டது. சென்றவர் கண்டது பசியும் இருளும். மீளும் வாக்குறுதியும் காக்கப்படவில்லை. 1955இற் சென்றோருள் ஜோசபியின் குடும்பமும் ஒன்று. திரையில் வெற்றி கொண்ட பனியுடன் அக்குடும்பத்தார் மெய்யாகவே போராடினர். அங்குக் காமிரா இல்லை. 2010ஆம் ஆண்டில் கனடா அரசு இச்செயலுக்கு மன்னிப்பு வேண்டிற்று. ஜோசபியோ 1984இலேயே மறைந்துவிட்டார்.

இவற்றையெல்லாம் அறிந்தபின் நானூக் படத்தை நாம் காணாது விடுதல் வேண்டுமோ? வேண்டா என்பதே எம் கருத்து. நாடு கடந்த மக்களையும் நம் உடன்பிறந்தாராக உணரச் செய்யும் ஆற்றல் அப்படத்துக்கு உண்டு. நானூக் தன் மகனுக்குச் சிறு வில்லைப் பிடித்து அம்பெய்யக் கற்பித்துப் பின் அவன் கைகளைத் தன் கைக்குள் வைத்துச் சூடேற்றும் காட்சியைக் கண்டோர் எவரும் அம்மக்களை அயலார் என எண்ணார். அவ்வன்பைக் காணும் கண் பிளாகர்ட்டிக்கு வாய்த்திருந்தது. ஆயின் காண்பது வேறு. காணப்பட்டாருக்குக் கடமைப்படுவது வேறு. முன்னதில் அவர் பெரியர்; பின்னதில் அவர் குறையுடையர். ஒன்றைக் கூறி மற்றொன்றை மறைத்தால், நாமும் அரை வீட்டைக் காட்டி முழு வீடு என்றவர் ஆவோம்.

இக்காலத்தில் கைப்பேசி உடையார் ஒவ்வொருவரும் படம் பிடிப்போரே. எம்மையொத்த மாணவரும் சேரிக்கும் சிற்றூருக்கும் தொண்டுசெய்யச் செல்லுங்கால், எளியோர் முகங்களைப் படமாக்கி மீள்கின்றோம். அவர் பெயரைக் கேட்டறிந்தோமா, படத்தை அவர்க்குக் காட்டினோமா, அமைத்ததை அமைத்ததென்று எழுதினோமா, மீண்டும் ஒருமுறை அவர் வாயிலை மிதித்தோமா என்னும் நான்கு வினாக்களை நம்மை நாமே வினவுதல் வேண்டும். முதல் நூற்றாண்டைக் கடந்துவிட்ட அப்பழைய படத்தில், தோலாடையுடன் நம்மை நோக்கி நகைக்கும் அம்மனிதர் நானூக் அல்லர், அல்லாகரியல்லாக். அப்பெயரையேனும் பிழையின்றி நினைவிற் கொள்ளுதல், படத்தைக் கண்ட நமக்குரிய முதற்கடன் ஆகும்.